எண்ணிக்கைக்கு எல்லை வகுத்தல்: நாடாளுமன்ற விதிகளும் அவைத் தலைமையும்

(நல்லூரில் நிகழ்த்தப்பட்ட அறக்கட்டளைச் சொற்பொழிவின் அச்சு வடிவம்)



நாடாளுமன்றத்தின் நடைமுறை விதிகளைப் பற்றிப் பேச வந்திருக்கிறேன். அவை தில்லியில் இருக்கிறது, நமக்கும் அதன் விதிப் புத்தகத்துக்கும் என்ன தொடர்பு என்ற கேள்வி எழுவது இயல்பு. அந்தத் தொடர்பு எவ்வளவு நெருக்கமானது என்பதை இந்தப் பகுதி மக்கள் சில ஆண்டுகளுக்கு முன் நேரிலேயே பார்த்தார்கள். அதிலிருந்தே தொடங்குகிறேன்.

1. விருத்தாசலத்துக்கு வந்த நோட்டீஸ்

2019 ஏப்ரல் 30 அன்று தமிழகச் சட்டப்பேரவைத் தலைவர் ப.தனபால் மூன்று அ.தி.மு.க. உறுப்பினர்களுக்கு விளக்கம் கேட்டு நோட்டீஸ் அனுப்பினார். கள்ளக்குறிச்சி பிரபு, அறந்தாங்கி ரத்தினசபாபதி ஆகியோருடன், விருத்தாசலம் தொகுதியின் வி.டி.கலைச்செல்வனும் அந்த மூவரில் ஒருவர். கட்சித் தாவல் தடைச் சட்டத்தின் கீழ் அவர்கள் பதவியை இழக்கலாம் என்ற நிலை. அதே நாளில் பேரவைத் தலைவரையே பதவியிலிருந்து நீக்கக் கோரும் அறிவிப்பைத் தி.மு.க. கொடுத்தது. ரத்தினசபாபதியும் கலைச்செல்வனும் உச்ச நீதிமன்றத்துக்குப் போனார்கள். மே 6 அன்று நீதிமன்றம் இடைக்காலத் தடை விதித்தது.

அதற்கு அடிப்படையாக இருந்தது 2016-ல் அருணாசலப் பிரதேச வழக்கில், நபம் ரெபியா வழக்கு என்று அறியப்படுவதில், ஐந்து நீதிபதிகள் அமர்வு சொன்ன தீர்ப்பு. தன்னை நீக்கக் கோரும் அறிவிப்பு நிலுவையில் இருக்கும்போது, பிற உறுப்பினர்களின் தகுதியிழப்பை ஒரு பேரவைத் தலைவர் முடிவு செய்யக் கூடாது என்பது அந்தத் தீர்ப்பின் சாரம். 2023-ல் மராட்டிய சிவசேனா வழக்கை விசாரித்த உச்ச நீதிமன்றம், இந்தக் கருத்தே சரிதானா என்று பார்க்கும்படி அதைப் பெரிய அமர்வுக்கு அனுப்பியது.

இங்கே யார் பக்கம் நியாயம் என்று நான் தீர்ப்புச் சொல்ல வரவில்லை. விருத்தாசலம் வாக்காளர் ஒருவரின் இடத்தில் நின்று இதைப் பாருங்கள். அவர் போட்ட வாக்கு நிற்குமா போகுமா என்பதை முடிவு செய்தவை மூன்று: கட்சித் தாவலைத் தடுக்கும் அரசமைப்பின் பத்தாவது அட்டவணை, நாற்காலியில் இருந்த ஒரு மனிதரின் விருப்புரிமை, அந்த விருப்புரிமைக்கு எல்லை வகுத்த ஒரு விதி. விதி நம் வாசலுக்கு வந்து சேர்ந்த நாள் அது.

அதற்கு முன்பே தமிழகம் இன்னும் கடுமையான பாடம் ஒன்றைப் பார்த்திருந்தது. 2017 பிப்ரவரி 18 அன்று எடப்பாடி பழனிசாமி நம்பிக்கை வாக்குக் கோரியபோது, ஓ.பன்னீர்செல்வம் உள்ளிட்ட 11 உறுப்பினர்கள் அரசுக்கு எதிராக வாக்களித்தார்கள். அவர்கள் மீதான புகார் ஆண்டுக்கணக்கில் முடிவின்றிக் கிடந்தது. அதே ஆண்டு ஆகஸ்டில் ஆளுநரைச் சந்தித்து முதலமைச்சர் மீது நம்பிக்கையில்லை என்று கடிதம் கொடுத்தவர்களில் 18 பேரோ, செப்டம்பர் 18 அன்றே தகுதியிழந்தார்கள். கட்சி ஒன்று, பேரவை ஒன்று, தலைவரும் ஒருவரே. ஒரு புகாருக்குச் சில வாரங்கள் போதுமாக இருந்தன. இன்னொரு புகாருக்கு ஆண்டுகள் போதவில்லை. உயர் நீதிமன்றம் 2018 அக்டோபரில் அந்த 18 பேரின் தகுதியிழப்பை உறுதி செய்தது. சட்டப்படி அது முடிந்த கதை. ஆனால் அந்த 18 தொகுதி மக்களும் ஒன்றரை ஆண்டுக்கு மேல் உறுப்பினர் இல்லாமல் இருந்தார்கள். பட்ஜெட் வந்தது, மானியக் கோரிக்கைகள் வந்தன. அவர்கள் ஊரின் குடிநீரைப் பற்றிப் பேச அவையில் ஒருவரும் இல்லை.

இந்தச் சிக்கலின் வேர் நாடாளுமன்றத்தில்தான் இருக்கிறது. 1985-ல் 52-ஆவது திருத்தத்தின் மூலம் பத்தாவது அட்டவணையைச் சேர்த்தபோது, முடிவெடுக்கும் அதிகாரத்தை அவைத் தலைவரிடமே நாடாளுமன்றம் ஒப்படைத்தது. 1992-ல் கிஹோட்டோ ஹொல்லோஹன் வழக்கில் ஐந்து நீதிபதிகளில் மூவர் அதை ஏற்றார்கள். தலைவரின் முடிவு நீதிமன்ற ஆய்வுக்கு உட்பட்டது என்றும் சொன்னார்கள். மாறுபட்ட இருவர், பெரும்பான்மையின் தயவில் பதவியில் இருக்கும் ஒருவரை நடுவராக்குவது தகாது என்று எழுதினார்கள். முப்பது ஆண்டு அனுபவத்துக்குப் பிறகு, அந்த இருவரின் கவலை நியாயமானது என்றே நான் கருதுகிறேன்.

2. விதி யாருடைய காப்பு

இந்தச் சொற்பொழிவில் நான் நிறுவ விரும்பும் கருத்து ஒன்றுதான். பெரும்பான்மை உடையவருக்கு விதி தேவையில்லை. கை தூக்கச் சொன்னால் போதும், அவர் நினைத்தது நடந்துவிடும். விதி, தோற்கப்போகிறவருக்காக இருப்பது. வாக்கெடுப்பில் தோற்பது உறுதி என்று தெரிந்தும், எழுந்து பேசவும், கேள்வி கேட்கவும், திருத்தம் கொடுக்கவும், தன் எதிர்ப்பைப் பதிவு செய்யவும் ஒருவருக்கு உரிமை தருவது அது. அந்த உரிமையைத் தன் தரப்புக்கு இடைஞ்சலாக இருக்கும் நாளிலும் காப்பாற்றுவதுதான் அவைத் தலைமை.

நம் அரசமைப்பின் 118-ஆவது பிரிவு ஒவ்வொரு அவையும் தன் விதிகளைத் தானே வகுத்துக்கொள்ளலாம் என்கிறது. 122-ஆவது பிரிவு, நடைமுறையில் குறை இருந்தது என்ற காரணத்துக்காக அவையின் நடவடிக்கையை நீதிமன்றத்தில் கேள்வி கேட்க முடியாது என்கிறது. இரண்டையும் சேர்த்துப் படித்தால் பொறுப்பின் கனம் தெரியும். வெளியிலிருந்து யாரும் வந்து திருத்தப்போவதில்லை. அவை தன்னைத் தானே திருத்திக்கொள்ள வேண்டும்.

உத்திரமேரூர்க் கல்வெட்டை இன்று எல்லா மேடைகளிலும் பெருமையோடு சொல்கிறோம். பெருமைப்படத்தக்க செய்தி அதில் உண்டு. ஆனால் குடவோலையில் சீட்டு எடுத்தார்கள் என்பதோடு நாம் நின்றுவிடுகிறோம். முதல் பராந்தகச் சோழனின் 12-ஆம் ஆட்சியாண்டில் ஓர் ஏற்பாடு செய்தார்கள். இரண்டே ஆண்டில், 14-ஆம் ஆட்சியாண்டில், அதைத் திருத்தி இன்னும் விரிவாகக் கல்லில் வெட்டினார்கள். வாரியத்தில் இருந்து கணக்குக் காட்டாதவரும், அவருடைய நெருங்கிய உறவினரும் மீண்டும் குடவோலைக்குத் தகுதியற்றவர் என்று விதித்தார்கள். நிலமும் வேதக் கல்வியும் உடைய ஆண்களுக்கு மட்டுமே இடம் தந்த பிரம்மதேயச் சபை அது. இன்றைய சனநாயகத்துக்கு அதை முன்மாதிரி என்று சொல்ல மாட்டேன். எனினும், அதிகாரத்தில் இருப்பவரைக் கட்டும் விதியை ஊரறிய எழுதி வைக்க வேண்டும், அது போதவில்லை என்றால் மீண்டும் கூடித் திருத்த வேண்டும் என்ற தெளிவு அவர்களிடம் இருந்தது.

3. நாற்காலியில் இருந்தவர்கள்

அவைத் தலைமை என்றால் என்ன என்பதை இந்தியாவுக்குக் காட்டியவர் வித்தல்பாய் படேல். 1925-ல் மத்தியச் சட்டமன்றத்தின் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்ட முதல் இந்தியர். எதிர்த்து நின்றவர் நம் சென்னையின் டி.ரங்காச்சாரி, இரண்டே வாக்கு வித்தியாசம். தேர்வானதும் படேல் தம் சுயராஜ்யக் கட்சியிலிருந்து விலகினார். 1928-ல் பிரிட்டிஷ் அரசு பொதுப் பாதுகாப்பு மசோதாவைக் கொண்டுவந்தபோது வாக்குகள் இருபுறமும் சமமாக விழுந்தன. தலைவரின் வாக்கு தீர்மானிக்க வேண்டிய நிலையில், அதை மசோதாவுக்கு எதிராக அளித்தார். அடுத்த ஆண்டு அரசு மசோதாவை மீண்டும் கொண்டுவந்தது. அப்போது மீரட் சதி வழக்கு நீதிமன்றத்தில் இருந்தது. வழக்கைத் தொடாமல் இந்த மசோதாவை விவாதிக்க முடியாது; வழக்கைத் தொட்டுப் பேச விதி இடம் தராது; ஆகவே விவாதத்துக்கே இடமில்லை என்று தீர்ப்புச் சொன்னார். வைசிராய் அவசரச் சட்டம் பிறப்பித்து மசோதாவின் நோக்கத்தை நிறைவேற்றிக்கொண்டார். தலைவரின் அந்த அதிகாரத்தைப் பறிக்க விதியையே மாற்றினார்கள்.

துப்பாக்கியும் சிறைச்சாலையும் கையில் வைத்திருந்த ஓர் ஏகாதிபத்தியம், ஒரு மனிதர் விதிப் புத்தகத்தைத் திறந்து வைத்துக்கொண்டு சொன்ன தீர்ப்புக்கு முன் தடுமாறியது. அதே படேல் 1929-ல் சட்டமன்றத்துக்கென்று அரசிடமிருந்து தனித்த செயலகத்தையும் பெற்றுத் தந்தார். அவையின் எழுத்தர் அமைச்சருக்குக் கட்டுப்பட்டவராக இருந்தால் அவையும் கட்டுப்பட்டதாகிவிடும் என்பதை அவர் அறிந்திருந்தார். இன்று அரசமைப்பின் 98-ஆவது பிரிவில் இரு அவைகளுக்கும் தனிச் செயலகம் இருப்பதற்கு அன்று போட்ட அடித்தளம் அது.

விடுதலைக்குப் பிறகு, ஜி.வி.மாவலங்கர் மறைந்ததும் 1956-ல் மக்களவைத் தலைவரானவர் அனந்தசயனம் அய்யங்கார். திருச்சானூரில் பிறந்து சென்னையில் படித்தவர். அவர் தலைமை வகித்த காலத்தில்தான் முந்த்ரா விவகாரம் வெடித்தது. புதிதாக நாட்டுடைமையாக்கப்பட்ட ஆயுள் காப்பீட்டுக் கழகத்தின் பணம், சுமார் ஒன்றேகால் கோடி ரூபாய், ஹரிதாஸ் முந்த்ராவின் தள்ளாடிக்கொண்டிருந்த நிறுவனங்களில் முதலீடு செய்யப்பட்டது. கேள்வி நேரத்தில் கேட்ட ஒரு கேள்விக்கு வந்த பட்டும் படாத பதிலிலிருந்து அது கிளம்பியது. 1957 டிசம்பரில் பெரோஸ் காந்தி எழுந்து ஆதாரங்களோடு பேசினார். அவர் ஆளும் கட்சிக்காரர்; பிரதமரின் மருமகன். குற்றச்சாட்டுக்கு உள்ளான நிதியமைச்சர் டி.டி.கிருஷ்ணமாச்சாரி நம் தமிழ்நாட்டவர், நேருவுக்கு நெருக்கமானவர்.

விவாதத்தை நடக்கவிடாமல் செய்ய ஆளும் தரப்பிடம் எண்ணிக்கை இருந்தது. ஆயினும் விவாதம் நடந்தது. நீதிபதி எம்.சி.சாக்ளா பொதுமக்கள் முன்னிலையில் விசாரித்துச் சில வாரங்களில் அறிக்கை கொடுத்தார். 1958 பிப்ரவரியில் கிருஷ்ணமாச்சாரி பதவி விலகினார். ஒரு கேள்வி, ஒரு விவாதம், ஒரு விசாரணை, ஒரு பதவி விலகல். ஆளும் கட்சி உறுப்பினரே தன் அரசைக் கேள்வி கேட்க முடிந்த காலம் அது. இன்று கொறடாவின் ஆணைக்கு அஞ்சி உட்கார்ந்திருக்கும் உறுப்பினர்களை நினைத்தால், நாம் இழந்தது எவ்வளவு என்று புரியும்.

1967-ல் நீலம் சஞ்சீவ ரெட்டி தலைவரானதும் காங்கிரஸ் கட்சியிலிருந்து விலகினார். அது மரபாக வேரூன்றியிருக்க வேண்டும், வேரூன்றவில்லை. 2008-ல் மக்களவைத் தலைவராக இருந்த சோம்நாத் சட்டர்ஜிக்கு அந்தச் சோதனை வந்தது. அணுசக்தி ஒப்பந்தத்தை எதிர்த்து அவருடைய மார்க்சிஸ்ட் கட்சி அரசுக்குக் கொடுத்த ஆதரவை விலக்கிக்கொண்டது. அவர் நாற்காலியை விட்டு இறங்க வேண்டும் என்று எதிர்பார்த்தது. அவர் இறங்கவில்லை. ஜூலை 22 அன்று நம்பிக்கை வாக்கெடுப்பை நடத்தி முடித்தார், 275-க்கு 256. மறுநாளே கட்சி அவரை நீக்கியது. நாற்பது ஆண்டுகள் உழைத்த கட்சியின் கோபத்தைத் தாங்கிக்கொண்டு நாற்காலியின் நடுநிலையைக் காத்தவர் என்ற வகையில் அவர் என் மதிப்புக்குரியவர்.

4. விதியைக் கையாளத் தெரிந்த நம்மவர்கள்

தலைமை என்பது நாற்காலியில் மட்டும் இல்லை. கடைசி வரிசையில் உட்கார்ந்திருக்கும் ஓர் உறுப்பினர் விதியைக் கற்றவராக இருந்தால், அவையைத் திருப்ப அவராலும் முடியும். தமிழர்கள் இதில் பின்தங்கியவர்கள் இல்லை.

1934 தேர்தலில் சென்னையிலிருந்து மத்தியச் சட்டமன்றத்துக்குப் போன தீரர் சத்தியமூர்த்தி கேள்வி நேரத்தின் மன்னராக விளங்கினார். அரசுத் தரப்பு அதிகாரிகள் எழுதிக்கொண்டு வந்த பதிலைப் படித்துவிடலாம். அதன் மேல் எழும் துணைக் கேள்விக்குப் பதில் எழுதிக்கொண்டு வர முடியாது. அந்த இடத்தில்தான் அவர் பிடித்தார். அன்றைய அவையில் அரசைக் கவிழ்க்கும் அதிகாரம் இந்தியர்களுக்குக் கிடையாது. கேட்கும் அதிகாரம் மட்டும் இருந்தது. அதைக் கொண்டே அவர் ஆட்சியாளர்களைக் கலங்கடித்தார்.

திருக்கண்ணபுரத்தில் பிறந்த இரா.செழியன் 1962 முதல் மக்களவையில் இருந்தவர். பொதுக் கணக்குக் குழுவின் தலைமையை எதிர்க்கட்சிக்குத் தரும் மரபு 1967-ல் தொடங்கியது. மினு மசானி, வாஜ்பாய் ஆகியோருக்குப் பின் 1971 முதல் 1973 வரை அந்தப் பொறுப்பில் செழியன் இருந்தார். அரசு செலவழித்த பணத்தின் கணக்கை அரசை எதிர்ப்பவர் தலைமையில் சரிபார்ப்பது, எழுதப்பட்ட சட்டத்தைவிட வலிமையான ஒரு மரபு. நெருக்கடி நிலைக் கால அத்துமீறல்களை விசாரித்த ஷா கமிஷன் அறிக்கை பொதுவெளியில் கிடைக்காமல் போனபோது, தம்மிடம் இருந்த பிரதியைக் கொண்டு 2010-ல் அதை மீண்டும் நூலாக்கினார். அப்போது அவருக்கு வயது 87. அவையின் ஆவணம் மக்களின் சொத்து என்று நம்பியவர் செய்யக்கூடிய பணி அது.

மூன்றாவது எடுத்துக்காட்டு நம் கண்முன் நடந்தது. வெள்ளிக்கிழமை பிற்பகலில் இரண்டரை மணி நேரம் தனிநபர் மசோதாக்களுக்கு ஒதுக்கப்படுகிறது. பெரும்பாலான உறுப்பினர்கள் ஊருக்குக் கிளம்பிவிடும் நேரம். பொதுவாக ஒரு மசோதாவைப் பேசுவார்கள், அமைச்சர் பதில் சொல்வார், உறுப்பினர் திரும்பப் பெற்றுக்கொள்வார். 2015 ஏப்ரல் 24 அன்று மாநிலங்களவையில் திருச்சி சிவா திரும்பப் பெற மறுத்தார். திருநர் உரிமைகளுக்கான அவருடைய மசோதா அன்று ஒருமனதாக நிறைவேறியது. ஏறத்தாழ 45 ஆண்டுகளில் மாநிலங்களவை நிறைவேற்றிய முதல் தனிநபர் மசோதா அது. மக்களவையில் அது நிறைவேறவில்லை. 2019-ல் அரசு கொண்டுவந்த சட்டத்தைத் திருநர் சமூகத்தினர் பலரும் போதாதது என்றே சொன்னார்கள். ஆனாலும், இந்த மக்கள் குடிமக்களாக மதிக்கப்பட வேண்டும் என்பதை அவை ஏற்றுக்கொண்டு எழுதி வைத்த நாள் அந்த வெள்ளிக்கிழமை. அதற்கு வழி தந்தது விதிப் புத்தகத்தின் ஒரு மூலை.

5. விதி நிறுத்தப்பட்ட நாட்கள்

விதியின் அருமை அது இல்லாத நாளில் தெரியும். 1975 ஜூன் 25 இரவு நெருக்கடி நிலை அறிவிக்கப்பட்டது. ஜூலை 21 அன்று கூடிய நாடாளுமன்றத்தில், அரசின் அலுவல்களைத் தவிர வேறெதையும் எடுப்பதில்லை என்று தீர்மானம் நிறைவேற்றினார்கள். கேள்வி நேரம் இல்லை, கவன ஈர்ப்பு இல்லை, தனிநபர் அலுவல் இல்லை. எதிர்க்கட்சித் தலைவர்கள் பலர் சிறையில் இருந்தார்கள். பிரதமரின் தேர்தலை நீதிமன்றத்தின் பார்வைக்கு அப்பால் கொண்டுபோகும் 39-ஆவது அரசமைப்புத் திருத்தத்தை ஆகஸ்டு 7 அன்று மக்களவையில் அறிமுகம் செய்து அன்றே நிறைவேற்றினார்கள். மறுநாள் மாநிலங்களவை, பத்தாம் தேதி குடியரசுத் தலைவரின் ஒப்புதல். பதினோராம் தேதி உச்ச நீதிமன்றத்தில் பிரதமரின் மேல்முறையீடு விசாரணைக்கு வர இருந்தது. அரசமைப்பையே மாற்றும் வேலை நான்கு நாளில் முடிந்தது. வாக்கெடுப்பில் குறையே இல்லை. மூன்றில் இரண்டு பங்கு தாராளமாக இருந்தது. இல்லாமல் போனது, எதிர்த்துப் பேசவும் எண்ணிப் பார்க்கவும் வேண்டிய இடைவெளி. அந்தத் திருத்தத்தின் முக்கியப் பகுதியை நவம்பரில் உச்ச நீதிமன்றம் செல்லாது என்று அறிவித்தது.

அது காங்கிரஸ் ஆட்சி. பிற்காலத்தில் பாரதிய ஜனதா ஆட்சியிலும் கவலைக்குரிய நாட்களைப் பார்த்தோம். 2020 செப்டம்பரில் கொரோனாவைக் காரணம் காட்டிக் கேள்வி நேரத்தை நீக்கினார்கள். அந்தக் கூட்டத்தொடரில்தான், செப்டம்பர் 20 அன்று, வேளாண் மசோதாக்கள் மாநிலங்களவையில் குரல் வாக்கெடுப்பில் நிறைவேறின. தெரிவுக் குழுவுக்கு அனுப்ப வேண்டும் என்ற தீர்மானத்துக்கு உறுப்பினர்கள் டிவிஷன், அதாவது வாக்குகளை எண்ணும் வாக்கெடுப்பு, கேட்டார்கள்; அது நடக்கவில்லை. உறுப்பினர்கள் தங்கள் இடத்தில் இருந்து கேட்கவில்லை, அவை ஒழுங்கில் இல்லை என்பது துணைத் தலைவர் தரப்பின் விளக்கம். அவையில் அன்று பெரும் அமளி நடந்தது உண்மைதான். ஆனால் உறுப்பினர் ஒருவர் வாக்குகளை எண்ணச் சொன்னால் எண்ணிவிடுவதே வழி. எண்ணியிருந்தால் மசோதா வென்றதா தோற்றதா என்பது ஐயமின்றித் தெரிந்திருக்கும். எண்ணாததால் அந்தச் சட்டங்கள் பிறப்பிலேயே நம்பிக்கையை இழந்தன. ஓராண்டுக்கு மேல் விவசாயிகள் தில்லி எல்லையில் உட்கார்ந்தார்கள். 2021 நவம்பரில் அரசு அவற்றைத் திரும்பப் பெற்றது. அந்த ரத்து மசோதாவும் விவாதமின்றியே நிறைவேறியது.

2023 டிசம்பரில், மக்களவையில் பார்வையாளர் மாடத்திலிருந்து இருவர் குதித்த பாதுகாப்பு மீறல் பற்றி உள்துறை அமைச்சர் விளக்கம் தர வேண்டும் என்று கேட்ட எதிர்க்கட்சியினர் அடுத்தடுத்து இடைநீக்கம் செய்யப்பட்டார்கள். இரு அவைகளிலுமாக 146 பேர். அவர்கள் வெளியே இருந்த அதே வாரத்தில், நாட்டின் குற்றவியல் சட்டங்கள் மூன்றையும் மாற்றும் மசோதாக்கள் நிறைவேறின. காவல் நிலையத்துக்குப் போகும் ஒவ்வொரு ஏழையையும் தொடும் சட்டங்கள் அவை.

6. அமளியும் நம் பொறுப்பும்

எதிர்க்கட்சி செய்வதெல்லாம் சரி என்று நான் சொன்னதாக யாரும் கொள்ள வேண்டாம். காவிரி மேலாண்மை வாரியம் அமைக்கக் கோரி 2018 மார்ச்சில் அ.தி.மு.க. உறுப்பினர்கள் நாள்தோறும் மக்களவையின் மையப் பகுதியில் நின்று முழக்கமிட்டார்கள். நம் கடலூர் மாவட்டத்துக் கடைமடை விவசாயிக்கு அந்தக் கோரிக்கையின் நியாயத்தை எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. ஆனால் அதே நாட்களில் ஆந்திரக் கட்சிகள் நம்பிக்கையில்லாத் தீர்மானத்துக்கு அறிவிப்புக் கொடுத்திருந்தன. அதை அனுமதிக்க 50 உறுப்பினர்கள் எழுந்து நிற்க வேண்டும். அவை ஒழுங்கில் இல்லாததால் தலைகளை எண்ண முடியவில்லை என்று மக்களவைத் தலைவர் சுமித்ரா மகாஜன் நாள்தோறும் ஒத்திவைத்தார். தீர்மானம் ஜூலை 20 அன்றுதான் வாக்கெடுப்புக்கு வந்தது. அந்த விவாதம் மார்ச்சிலேயே நடந்திருந்தால், காவிரியைப் பற்றி மணிக்கணக்கில் பேசவும் பிரதமரிடமிருந்து பதில் பெறவும் நம் உறுப்பினர்களுக்கு வாய்ப்புக் கிடைத்திருக்கும். 2019 ஜனவரியில், மேகேதாட்டு அணையை எதிர்த்து முழக்கமிட்ட அ.தி.மு.க.வினர் 24 பேர் ஒரே நாளில் இடைநீக்கம் ஆனார்கள்.

முழக்கத்துக்கு ஒரு நாள் வலிமை உண்டு. விதியைக் கற்று, நோட்டீஸ் கொடுத்து, ஆவணத்தோடு எழுந்து நிற்பவருக்கு ஆண்டு முழுதும் வலிமை உண்டு. அதே வேளையில், நோட்டீஸ்கள் ஒவ்வொன்றாக நிராகரிக்கப்படும்போதுதான் உறுப்பினர் மையப் பகுதிக்கு இறங்குகிறார் என்பதையும் தலைமை உணர வேண்டும். பேச வழி விட்டால் கத்த வேண்டிய தேவை குறையும்.

7. மசோதா காய வேண்டிய காலம்

விருத்தாசலத்தில் பீங்கான் வேலை செய்கிறவர்கள் இங்கே இருக்கிறீர்கள். வனைந்த பண்டத்தை ஈரத்தோடு சூளையில் வைத்தால் என்ன ஆகும் என்று உங்களுக்குத் தெரியும், வெடித்துவிடும். நிழலில் வைத்து, உள்ளிருக்கும் ஈரம் போகும்வரை பொறுத்துத்தான் சூடேற்றுவீர்கள். மசோதாவுக்கு அப்படிக் காயும் இடம் நிலைக்குழு. 1993-ல் துறைவாரியாக 17 நிலைக்குழுக்கள் அமைந்தன. 2004-ல் அவை 24 ஆயின. அங்கே தொலைக்காட்சிக் கேமரா கிடையாது. கட்சி வேறுபாடு தணிந்து உறுப்பினர்கள் பேசுவார்கள். அதிகாரிகளையும் வல்லுநர்களையும் பாதிக்கப்படும் மக்களையும் அழைத்துக் கேட்பார்கள்.

பி.ஆர்.எஸ். என்ற சட்டமன்ற ஆய்வு அமைப்பின் கணக்குப்படி, 2009 முதல் 2014 வரையிலான பதினைந்தாவது மக்களவையில் 71 விழுக்காடு மசோதாக்கள் குழுவுக்குப் போயின. 2019 முதல் 2024 வரையிலான பதினேழாவது மக்களவையில் 16 விழுக்காடு. முதல் மக்களவை ஆண்டுக்குச் சராசரியாக 135 நாட்கள் கூடியது. பதினேழாவது 55 நாட்கள். நாடு பெரிதாகி, பிரச்சினைகள் சிக்கலாகி வரும்போது, அவற்றைப் பேசும் நாட்கள் பாதிக்கும் கீழே போய்விட்டன.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். மக்களவை கூடிய விரைவில் ஒரு துணைத் தலைவரைத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்கிறது அரசமைப்பின் 93-ஆவது பிரிவு. எதிர்க்கட்சிக்கோ ஆளும் தரப்பில் சேராத கட்சிக்கோ அந்தப் பதவியைத் தருவது பல காலம் மரபாக இருந்தது. 2014 முதல் 2019 வரை அதில் இருந்தவர் கரூர் உறுப்பினர் மு.தம்பிதுரை. அவருக்குப் பின் வந்த பதினேழாவது மக்களவை ஐந்து ஆண்டுகளும் துணைத் தலைவர் இல்லாமலே முடிந்தது. விடுதலை இந்தியாவில் அதற்கு முன் அப்படி நடந்ததில்லை. காலக்கெடு எழுதப்படாத இடத்தில் நல்லெண்ணம் வேண்டும். நல்லெண்ணம் இல்லாத நாளில் காலக்கெடு எழுதப்பட வேண்டும்.

8. செய்யத்தக்கவை

நான்கு மாற்றங்களை இந்த மேடையிலிருந்து முன்வைக்கிறேன்.

முதலாவது, கட்சித் தாவல் புகார்களை அவைத் தலைவரிடமிருந்து எடுத்துத் தனித் தீர்ப்பாயத்திடம் கொடுக்க வேண்டும். 2020-ல் மணிப்பூர் வழக்கில் உச்ச நீதிமன்றமே இதை நாடாளுமன்றம் எண்ணிப் பார்க்க வேண்டும் என்று சொன்னது. பொதுவாக மூன்று மாதத்துக்குள் புகார் முடிவாக வேண்டும் என்றும் சொன்னது. அந்தக் காலக்கெடு சட்டத்தில் ஏற வேண்டும். கொறடாவின் ஆணை அரசு கவிழக்கூடிய வாக்கெடுப்புகளுக்கும் பட்ஜெட்டுக்கும் மட்டும் பொருந்த வேண்டும். பெரோஸ் காந்திகள் அப்போதுதான் மீண்டும் எழுவார்கள்.

இரண்டாவது, நாற்காலியில் அமர்பவர் கட்சியிலிருந்து விலக வேண்டும். அடுத்த தேர்தலில் அவரை எதிர்த்துப் பெரிய கட்சிகள் நிற்காதிருக்கும் பிரிட்டிஷ் மரபையும் சேர்த்து ஏற்க வேண்டும். பாதுகாப்புத் தராமல் நடுநிலையை மட்டும் எதிர்பார்ப்பது நியாயமாகாது.

மூன்றாவது, நிதி மசோதாக்கள் தவிர எல்லா மசோதாக்களும் நிலைக்குழுவுக்குப் போவது கட்டாயமாக வேண்டும். அனுப்பாவிட்டால் அதற்கான காரணத்தை அமைச்சர் அவையில் எழுத்தில் தர வேண்டும்.

நான்காவது, ஆண்டுக்கு நூறு நாட்களாவது அவை கூட வேண்டும். வாரத்தில் ஒரு நாள் விவாதப் பொருளை எதிர்க்கட்சி முடிவு செய்ய வேண்டும்.

இவை தில்லியில் நடக்க வேண்டியவை. நம் ஊரில் நடக்க வேண்டியதும் உண்டு. நம் மக்களவை உறுப்பினர் எத்தனை நாள் அவைக்குப் போனார், என்ன கேட்டார், என்ன பதில் வந்தது என்பதெல்லாம் பொது ஆவணம். யாரும் எடுத்துப் படிக்கலாம். தேர்தலில் வாக்குக் கேட்டு வரும்போது சாலையையும் சமுதாயக் கூடத்தையும் பற்றிக் கேட்கிறோம், கேட்க வேண்டியதுதான். அதோடு, ‘அவையில் நீங்கள் எழுப்பிய கேள்வி எது, எந்த மசோதாவுக்குத் திருத்தம் கொடுத்தீர்கள்’ என்றும் கேட்போம். நம் ஒன்றியத்தின் ஊராட்சிகளில் ஆண்டுக்கு ஆறு முறை கிராம சபை கூடுகிறது. அங்கே போதிய ஆட்கள் இல்லாமல் கையெழுத்து வாங்கிக்கொண்டு கூட்டம் நடந்ததாகக் காட்டினால், குரல் வாக்கெடுப்பைப் பற்றிக் குறை சொல்ல நமக்குத் தகுதி குறைந்துவிடும். வரவுசெலவைப் படித்துக் காட்டச் சொல்வது, தீர்மானத்தை எழுதிய பின் வாசிக்கச் சொல்வது, மறுப்பு இருந்தால் அதையும் பதியச் சொல்வது – இவை நம் கையில் உள்ள நடைமுறை விதிகள்.

மாணவர்களுக்குச் சொல்லி முடிக்கிறேன். உங்களில் சிலர் நாளை ஊராட்சி மன்றத்துக்கும், சட்டமன்றத்துக்கும், நாடாளுமன்றத்துக்கும் போவீர்கள். பேச்சுத்திறமை உங்களை அங்கே கொண்டு சேர்க்கலாம். அங்கே போனபின் உங்களைக் காப்பது விதிப் புத்தகம். எதிர்க்கட்சியில் இருக்கும்போது அதைப் படியுங்கள், உங்கள் உரிமை தெரியும். ஆளும் கட்சியில் இருக்கும்போது இன்னும் கவனமாகப் படியுங்கள், உங்கள் எல்லை தெரியும். பெரும்பான்மை தேர்தலுக்குத் தேர்தல் கைமாறும். இன்று நீங்கள் மற்றவருக்கு மறுக்கும் நேரம்தான் நாளை உங்களுக்கு மறுக்கப்படும் நேரம். ஆகவே உங்களை எதிர்ப்பவர் பேசி முடிக்கும்வரை அவைக்குப் பொறுமை இருக்க வேண்டும் என்று, உங்கள் கட்சியே உங்களைக் கோபித்துக்கொண்டாலும், எழுந்து நின்று சொல்லுங்கள்.